நனையக் கூடாத மணப்பெண்

ஒரு பொருளைப் பாதுகாப்பது என்று மரபுச் செல்வங்கள் உயர் காப்பகம் முடிவு செய்துவிட்டால், முதல் வேலையாக அதை அதன் சொந்தக்காரர்களிடமிருந்து காப்பாற்றும். இப்படி ஒரு விதியை எங்கேயாவது எழுதி வைத்திருக்கிறார்களா என்று இத்தோவுக்குத் தெரியாது. தலைநகர் ரபாத்தில் இருக்கும் அந்தக் கட்டடத்தின் வரவேற்பறை நாற்காலிகளில் உட்கார்ந்து உட்கார்ந்து அவள் அங்கி நூல் தெரியத் தேய்ந்துபோனதுதான் மிச்சம்.

இத்தோ ஓவியம் வரைகிறவள், படமும் எடுக்கிறவள். அட்லஸ் மலையில் தமஸ்ரித் என்ற ஊர்க்காரி. தன் அமாஸிக் சனங்களின் பாட்டு, உடம்பில் குத்தும் பச்சைக் கோலம், கல்யாணம், சாவு எல்லாவற்றையும் கேமராவில் பிடித்து வைப்பதற்கென்றே தலை நரைத்தவள். அவள் படங்களுக்கு வெளிநாட்டு விழாக்களில் எழுந்து நின்று கை தட்டுவார்கள். ஊரிலோ, "மறுபடியும் அந்தப் பெட்டியத் தூக்கிட்டு வந்துட்டாளா?" என்பார்கள். இரண்டும் அவளுக்குப் பழகிவிட்டது.

வம்பு வந்தது ஓர் அகப்பையால்.

மழை பொய்த்தால் தமஸ்ரித்துப் பெண்கள் ஒன்றுகூடி ஓர் அகப்பைக்கு மணப்பெண் அலங்காரம் செய்வார்கள். கல்யாண வீடுகளில் அண்டாவைக் கிளறுகிற பெரிய மர அகப்பை. அதற்கு முக்காடு போட்டு, வெள்ளி ஊக்கு குத்தி, அம்பர் மணி கட்டி, வீடு வீடாகப் பாடிக்கொண்டே தூக்கிப் போவார்கள். மாப்பிள்ளை யார் என்றால் மழைதான். அன்ஸார் என்று பெயர். ஒவ்வொரு வீட்டு மொட்டை மாடியிலிருந்தும் பெண்ணின் மேல் தண்ணீர் ஊற்றுவார்கள். தூக்கிப் போகிறவர்களும் தொப்பலாக நனைவார்கள். பிறகு களத்தில் பொதுச் சமையல். மழை வருகிறதோ இல்லையோ, வயிறு நிறையும்.

இதில் ஒரே ஒரு கட்டுப்பாடு உண்டு. அலங்கரித்த பெண் நனையும் வரை அலங்காரத்தைக் கலைக்கக் கூடாது. அவள் காத்துக்கொண்டிருக்கும்போது இன்னோர் அகப்பைக்கு முக்காடு போடவும் கூடாது. ஒருத்தியை வாசலில் நிற்க வைத்துவிட்டு அடுத்தவளை அனுப்பினால் எந்த மாப்பிள்ளைக்குத்தான் கோபம் வராது?

போன வருஷம் வசந்தத்தில் அப்படி ஒரு பெண் புறப்பட்டாள். அகப்பை ஹத்தாவினுடையது. ஹத்தா இத்தோவின் அண்ணன் மனைவி. வாயைத் திறந்தால் ஊரே ஒதுங்கி வழிவிடும். அகப்பைக்கு முகம் எழுதியது இத்தோ. தன் பையிலிருந்த கண்மையால் புருவம், குங்குமப்பூக் கரைசலால் கன்னம், தாடையில் ஒரு சின்னப் பச்சைக் கோலம். சடங்கைப் படமெடுக்கக் காப்பகத்தில் அனுமதி வாங்கியிருந்தாள். அனுமதியோடு ஒரு பார்வையாளரும் ஒட்டிக்கொண்டு வந்தார். பெயர் நௌஃபல்; மரியாதைக்கு ஸி நௌஃபல் என்பார்கள். கையில் வெள்ளைக் கையுறை, பெரிய பெட்டி, துணைக்கு இரண்டு காவலர்கள்.

பாட்டு தொடங்கியது. முதல் வீட்டு மாடியில் பானை சாய்ந்தது. "நிறுத்துங்க!" என்று ஒரு சத்தம். நௌஃபல் பாய்ந்து போய் அகப்பையின் தலைக்கு மேல் தன் கோட்டை விரித்துப் பிடித்துக்கொண்டார். ஊற்றிய தண்ணீர் முழுக்க அவர் முதுகில்.

"என்ன காரியம் பண்ணப் பாத்தீங்க?" அவருக்கு மூச்சு வாங்கியது. "நனைஞ்சா மரம் உப்பும். சாயம் கரையும். அசல் தன்மையே போயிடும்!"

"கரையத்தானேய்யா பூசியிருக்கு?" என்றாள் ஹத்தா.

"அது சடங்கு, லல்லா. நான் பேசறது மரபு. ரெண்டும் வேற வேற." பெண்களை மரியாதையாக லல்லா என்றுதான் அழைப்பார் அவர்.

அகப்பையைப் பதிவு செய்ய வேண்டும், அதுவும் அலங்காரத்தோடு முழுசாக. ரபாத்துக்குப் போய்ப் போட்டோ எடுத்தவுடன் திருப்பி அனுப்பிவிடுவோம். மறுத்தால் படப்பிடிப்பு அனுமதி ரத்து. இவ்வளவையும் அவர் மிக மரியாதையாகச் சொன்னார். காவலர்களும் மரியாதையாகத்தான் நின்றார்கள். இத்தோ ஹத்தாவின் கையைப் பிடித்தாள்.

"குடுத்துடு மதினி. நான் பொறுப்பு. நானே கையோட கொண்டாந்துடறேன்."

"உன் வாக்க நம்பித்தான் குடுக்கறேன்" என்றாள் ஹத்தா. "பொண்ணு காஞ்சு போய் நிக்கறா. ஞாபகம் இருக்கட்டும்."

அதற்குப் பிறகு தமஸ்ரித்தில் ஒரு தூறல்கூட விழவில்லை.

ஓடை கல்லானது. கிணற்றில் கயிற்றோடு கயிறு முடிந்து இறக்க வேண்டியதாயிற்று. இத்தோவின் அண்ணன் ஆடுகளை ஒவ்வொன்றாகச் சந்தைக்கு ஓட்டினான். "இன்னொரு அகப்பைக்கு முக்காடு போட்டா என்ன குடி முழுகிடும்?" என்று ஆண்கள் கேட்டார்கள். பெண்கள் அவர்களைப் பார்த்த பார்வையில் அந்தப் பேச்சு அதோடு நின்றது. ஹத்தா வாராவாரம் இத்தோவுக்குப் போன் செய்வாள். சலாம்கூடக் கிடையாது.

"என்ன, உன் மணப்பொண்ணு சொகமா இருக்காளா? ஏசி ரூம்ல தூக்கம் வருதாமா? இங்க உங்கண்ணன் தண்ணிக் கேனத் தூக்கிட்டு மலையேறி எறங்கறான். அவளுக்கு ஒரு போர்வை வாங்கிப் போர்த்திட்டு வா, குளிருமே."

"மதினி, நான் தெனமும் அலையறேன்…"

"அலைடி. அலையறத நல்லா படம் புடிச்சு வெய்யி."

அலைந்தது பொய்யில்லை. காப்பகத்தில் மூன்று பிரிவுகள் அகப்பையைப் பங்கு போட்டுக்கொண்டிருந்தன. மரம் பொருட்கள் பிரிவுக்கு. முக்காடு துணிகள் பிரிவுக்கு. பாட்டு, நம்பிக்கை, கல்யாணம் இதெல்லாம் பொருளற்றவை பிரிவுக்கு. அகப்பையைத் திருப்பித் தர வேண்டாம், ஒரே ஒரு குவளைத் தண்ணீர் ஊற்ற விடுங்கள், அது போதும் என்று இத்தோ கேட்டாள். இத்தனை சின்னக் கோரிக்கை அந்தக் கட்டடத்துக்குள் அதற்கு முன் வந்ததே இல்லை போலும்; எல்லோரும் பயந்துபோனார்கள்.

"தண்ணி எந்தப் பிரிவு?" என்றார் பொருட்கள் பிரிவு அதிகாரி.

"தண்ணிக்குப் பிரிவு ஏதுங்க? குழாய்ல வர்ற தண்ணி."

"குழாயா? அப்ப அது கட்டடப் பராமரிப்பு. அவங்களுக்கு மரபுப் பொருளத் தொட அதிகாரம் இல்ல. எங்களுக்குத் தண்ணியத் தொட அதிகாரம் இல்ல." சொல்லிவிட்டு அவர் நிம்மதியாகச் சாய்ந்து உட்கார்ந்தார். "பொருளற்றவை பிரிவுல கேட்டுப் பாருங்க. மழைங்கறது நம்பிக்கைதானே?"

பொருளற்றவை பிரிவில் ஓர் இளைஞர் அவள் சொன்னதையெல்லாம் கண் கலங்கக் கேட்டார். இத்தோவுக்கே ஒரு கணம் நம்பிக்கை வந்துவிட்டது. "எவ்வளவு அழகான நம்பிக்கை!" என்றார் அவர். "இது கெடாம இருக்கணும்னா அந்தப் பொண்ணு காத்துக்கிட்டே இருக்கணும், இல்லையா? நனைஞ்சுட்டா நம்பிக்கை முடிஞ்சு போயிடுமே. நாங்க அதுக்கு எப்படித் துணை போக முடியும்?"

இத்தோ அவரை உற்றுப் பார்த்தாள். அவர் கிண்டல் செய்யவில்லை. கிண்டல் செய்திருந்தால் பதிலுக்கு நாலு வார்த்தை கேட்டிருக்கலாம். அந்த வழியும் அடைபட்டது.

அகப்பையைப் பார்க்கவாவது விட்டார்கள். மாடியில் ஒரு தனிக்கூடம், நடுவில் கண்ணாடிப் பெட்டி. பெட்டிக்குப் பக்கத்தில் ஈரப்பத அதிகாரி என்று ஓர் அம்மாள். பெட்டிக்குள் இருக்கும் காற்றில் ஈரம் ஏறாமல் பார்த்துக்கொள்வது அவர் உத்தியோகம். குழந்தையைத் தூங்க வைத்தவர் போலக் குரலைத் தாழ்த்தித்தான் பேசினார்.

"நீங்க கவலையே படாதீங்க லல்லா. இந்த நாட்டுலயே ரொம்ப வறண்ட எடம் எதுன்னு கேட்டா, இந்தப் பெட்டிதான். பாலைவனத்துலகூட இந்த அளவுக்கு வராது."

மழையின் மணப்பெண் கண்ணாடிக்குள் நின்றாள். பக்கத்தில் ஒரு பலகை: "முகச் சித்திரம் மிகத் தொன்மையானது. வரைந்த கலைஞர் யாரென அறிய முடியவில்லை."

இத்தோ அதைத் திரும்ப ஒருமுறை படித்தாள். "இது நான் வரைஞ்சது."

"அப்படித்தான் பலருக்கும் தோணும். அதுதான் மரபோட சக்தி" என்றார் அந்த அம்மாள், பரிவோடு.

"இல்லம்மா, நெஜமா நான்தான். இந்தக் கண்மை என் பையில இருந்தது. இதோ பாருங்க, இப்பவும் இருக்கு."

விஷயம் நிபுணர் குழுவுக்குப் போனது. குழு இத்தோவை நிற்க வைத்து விசாரித்தது. தாடைக் கோலத்தில் காணும் உறுதியான கோடு, மரபை உள்ளிருந்து வாழ்ந்த ஒரு கைக்கே உரியது. நகரத்தில் ஓவியக் கண்காட்சி நடத்துகிற, படமெடுக்கிற நவீனப் பெண்மணியால் அதை ஒருநாளும் போட முடியாது என்று தீர்ப்பானது. எச்சரிக்கையோடு விட்டார்கள். வெளியே வந்ததும் இத்தோ தன் வேனின் படியில் உட்கார்ந்துவிட்டாள். ஒலிப்பதிவு, வண்டி ஓட்டுதல், தேநீர் போடுதல் மூன்றையும் அவளோடு நெடுங்காலமாகச் செய்துவரும் பஸ்ஸு, ஒரு குவளையை அவள் கையில் திணித்தான்.

"என்னக்கா ஆச்சு?"

"நான் வரைஞ்சது நல்லா இருக்காம். அதனால நான் வரைஞ்சிருக்க முடியாதாம்."

பஸ்ஸு தனக்கும் ஒரு குவளை ஊற்றிக்கொண்டான். "பாராட்டுன்னே வெச்சுக்கக்கா. வேற என்ன பண்ண?"

அவளுக்குச் சிரிப்பு வரவில்லை. களைப்பாக இருந்தது. இத்தனை வருஷம் இந்த ஊர், இந்தப் பாட்டு அழியக் கூடாது என்று ஓடி ஓடிப் படமெடுத்தவள், கடைசியில் அதே ஊரின் மழையை ஒரு கண்ணாடிப் பெட்டிக்குள் பூட்டக் கை நீட்டிக் கொடுத்துவிட்டாளே என்று நெஞ்சு காந்தியது. ஊருக்குப் போகவும் முகம் இல்லை. கிணற்றடியில் பெண்கள் அவளைக் கண்டதும் பேச்சை நிறுத்துகிறார்கள் என்று அண்ணன் ஒருநாள் தயங்கித் தயங்கிச் சொன்னான். அண்ணன் இதைச் சொல்கிற ஆளே இல்லை.

இப்படியே ஒரு வருஷம் ஓடியது. அப்போது காப்பகம் ஒரு விழா அறிவித்தது: "வறட்சியும் மரபும்." அகப்பைப் பெண்ணை நாட்டுக்கு அர்ப்பணிக்கிறார்கள். இத்தோவுக்கு "மரபின் காவலர்" பட்டம். ஹத்தாவுக்கு "வாழும் பொக்கிஷம்" என்று பட்டம். கழுத்தில் தொங்கவிட அட்டைகூட வந்தது.

ஹத்தா வருவாள் என்று இத்தோ நினைக்கவில்லை. ஆனால் விழாவுக்கு முந்தின நாள் வேன் போய் நின்றபோது அவள் நல்ல உடுப்பு உடுத்தி, அட்டையை மாட்டிக்கொண்டு வாசலில் தயாராக நின்றாள்.

"ஏறு மதினி" என்றாள் இத்தோ. வேறு என்ன சொல்வதென்று தெரியவில்லை.

"பொக்கிஷத்த இப்படியா கூப்புடுவாங்க? கையப் புடிச்சு ஏத்திவிடு."

வழியெல்லாம் ஹத்தா ஜன்னலுக்கு வெளியே காய்ந்த வயல்களைப் பார்த்துக்கொண்டு வந்தாள். கீழே சமவெளிக்கு இறங்கியதும் கேட்டாள்.

"ஏன் பஸ்ஸு, அங்க பன்னீர் தெளிப்பாங்களா?"

"நாலு பெரிய மனுஷங்க கூடற எடம் அக்கா. ஆரஞ்சுப்பூ பன்னீர் தெளிக்காம விழா நடக்குமா? வெள்ளிச் செம்புல தெளிப்பாங்க. கை நெறைய மணக்கும்."

"நல்லது" என்றாள் ஹத்தா. அதன்பின் ரபாத் வரும் வரை அவள் வாயைத் திறக்கவில்லை. ஹத்தா அவ்வளவு நேரம் பேசாமல் இருந்து இத்தோ பார்த்ததில்லை. உடம்புக்கு முடியவில்லையோ என்று நெற்றியைத் தொட்டுப் பார்த்தாள்.

கூடம் நிறைந்திருந்தது. அமைச்சர் வரவில்லை, அவர் பிரதிநிதி வருவதாக இருந்து, அவருடைய பிரதிநிதி வந்திருந்தார். முதலில் ஒரு நடனக்குழு பிளாஸ்டிக் அகப்பைகளைத் தூக்கிக்கொண்டு ஆடியது. மாடியிலிருந்து தண்ணீர் ஊற்ற வேண்டிய இடத்தில் நீலக் காகிதச் சரிகைகளைத் தூவினார்கள். ஒரு சரிகை நௌஃபலின் தோளில் விழுந்தது. பழக்கதோஷம், அவர் துடைத்துக்கொண்டார்.

பிறகு காப்பகத் தலைவர் ஸி முக்தார் லஹ்லூ எழுந்தார். கனத்த உடம்பு, கனத்த குரல்.

"மாண்புமிகு விருந்தினர்களே! நம் முன்னோர்கள் மழை வேண்டி இந்த மணப்பெண்ணைத் தண்ணீரில் நனைத்தார்கள். அறியாமை! அப்படி எத்தனை மணப்பெண்கள் அழிந்தார்களோ! இந்தச் சடங்கை அதைச் செய்கிறவர்கள் கையிலேயே விட்டிருந்தால் என்ன ஆகியிருக்கும்? செய்து முடித்திருப்பார்கள்!"

கை தட்டினார்கள்.

"இன்று பெருமையோடு அறிவிக்கிறேன். நம் காப்பகத்தின் இடையறாத உழைப்பால், ஒரு வருட காலமாக இவள் மீது ஒரு துளி ஈரம்கூடப் படவில்லை. நாடு வறண்டது, இவளும் வறண்டாள். மக்களின் துயரத்தில் இப்படிப் பங்கெடுக்கும் நிறுவனம் வேறு எங்கே இருக்கிறது? சிலர் கேட்கிறார்கள், இந்த அகப்பையைத் திருப்பித் தரக் கூடாதா என்று. தந்தால் அவர்கள் இதை வைத்துச் சமைப்பார்கள்! நினைத்துப் பாருங்கள், சமைப்பார்கள்!"

கூடத்தில் உச்சுக்கொட்டினார்கள். இத்தோ மேடையில் தலைவருக்குப் பக்கத்து நாற்காலியில் உட்கார்ந்து தன் விரல்களைப் பார்த்துக்கொண்டிருந்தாள். எழுந்து நின்று கத்த வேண்டும் என்று இருந்தது. ஆனால் எழுந்து நிற்பதற்கு வேண்டிய தெம்பையெல்லாம் வரவேற்பறை நாற்காலிகள் ஏற்கனவே உறிஞ்சியிருந்தன.

போட்டோ எடுக்கிற நேரம் வந்தது. கண்ணாடியில் விளக்கு பளிச்சென்று அடிப்பதால் பிரதிநிதியின் பிரதிநிதியுடைய முகம் சரியாக விழவில்லை என்றார் போட்டோக்காரர். தலைவர் ஒரு கணமும் யோசிக்கவில்லை.

"கண்ணாடியத் தூக்குங்க."

"ஐயா, ஈரப்பதம்…" என்று ஈரப்பத அதிகாரி ஓடி வந்தார்.

"ஒரு போட்டோ எடுக்கற நேரம்தானேம்மா? மரபு எங்க ஓடிடப் போகுது?"

கண்ணாடியைத் தூக்கினார்கள். ஒரு வருஷத்துக்குப் பிறகு அகப்பைப் பெண் வெளிக்காற்றில் நின்றாள். அதே நேரத்தில் உபசரிக்கிற பெண்ணொருத்தி நீண்ட கழுத்துள்ள வெள்ளிப் பன்னீர்ச் செம்போடு வரிசையில் தெளித்துக்கொண்டு வந்தாள். முன்வரிசையில் ஹத்தா இரண்டு உள்ளங்கைகளையும் நீட்டி வாங்கி, முகத்தில் தடவிக்கொண்டு, சிரித்தாள்.

"இப்படிக் குடும்மா. மேடையில பெரியவங்க இருக்காங்க. அவங்களுக்கு என் கையால தெளிக்கறேன்."

வாழும் பொக்கிஷம் கேட்கும்போது யார் மறுப்பார்கள்? ஹத்தா மேடை ஏறினாள். பிரதிநிதியின் பிரதிநிதிக்குத் தெளித்தாள்; அவர் குனிந்து ஏற்றுக்கொண்டார். தலைவருக்குத் தெளித்தாள், அவர் இன்னும் குனிந்தார். இத்தோவுக்கு முன்னால் வந்தபோது தெளிக்கவில்லை, ஒரு பார்வை பார்த்தாள். அப்போதுதான் இத்தோவுக்குப் புரிந்தது. ஹத்தா அகப்பையின் முன் நின்று, செம்பின் கழுத்தைத் திருகிக் கழற்றி, உள்ளே இருந்த பன்னீர் முழுவதையும் மணப்பெண்ணின் தலையில் கவிழ்த்தாள்.

"பிஸ்மில்லாஹ். போய் வாடி மகளே" என்று சொல்லி ஒரு குலவை போட்டாள்.

அந்த நாட்டில் ஒரு குலவை கேட்டால் பதில் குலவை போடாமல் எந்தப் பெண்ணும் சும்மா இருந்ததில்லை. உபசரிக்கிற பெண்கள் போட்டார்கள். நடனக்குழு போட்டது. பின்வரிசையில் தட்டச்சுக்காரிகள் போட்டார்கள். ஈரப்பத அதிகாரிகூட நாக்கைச் சுழற்றித் தொடங்கிவிட்டார். பாதியில் விஷயம் உறைத்து அந்தக் குலவை அலறலாக மாறியது. ஆண்கள் இதுதான் நிகழ்ச்சியின் உச்சக்கட்டம் என்று நினைத்து எழுந்து நின்று கை தட்டினார்கள். தலைவரும் தட்டினார். கண்மை கரைந்து அகப்பையின் கன்னத்தில் வழிந்தது. இத்தோ முகத்தைப் பொத்திக்கொண்டு அழுதாள். பட்டம் வாங்கிய நெகிழ்ச்சி என்று மறுநாள் பத்திரிகையில் வந்தது.

"எல்லாரும் பாக்கறாங்க, அழாதடி" என்றாள் ஹத்தா அவள் காதருகே. "மணப்பொண்ணுக்குப் பன்னீர் தெளிக்கறது ஊர்ல இல்லாத வழக்கமா?"

நிபுணர் குழு அவசரமாகக் கூடியது. விவாதம் நீண்டது என்று கேள்வி. அகப்பை நனைந்துவிட்டது, ஆகவே சடங்கு நிறைவேறிவிட்டது, நிறைவேறிய சடங்கை இனி அழியும் நிலையில் உள்ளது என்று சொல்ல முடியாது, ஆகவே இது மரபுப் பொருள் அல்ல, பயன்படுத்தப்பட்ட சமையல் சாதனம். அதைப் பற்றி இத்தோ எடுத்த படமும் பட்டியலிலிருந்து நீக்கப்பட்டது. "மரபின் காவலர்" பட்டத்தைத் திருப்பி வாங்க மறந்துவிட்டார்கள்.

அகப்பையை நௌஃபலே பின்வாசலுக்குக் கொண்டுவந்து கொடுத்தார். கையில் கையுறை இல்லை. தலைகீழாகப் பிடித்திருந்தார்.

"மன்னிக்கணும் லல்லா" என்றார் இத்தோவிடம், உண்மையான வருத்தத்தோடு. "இதுக்கு இப்ப எந்த மதிப்பும் இல்ல. நீங்க எடுத்துட்டுப் போகலாம்."

ஒரு வருஷம் எத்தனையோ கதவுகளைத் தட்டிக் கேட்டும் கிடைக்காதது இப்படிக் கைக்கு வந்தது. இத்தோ அதைச் சால்வையில் சுற்றி மடியில் வைத்துக்கொண்டாள்.

தமஸ்ரித்தில் பெண்கள் காத்திருந்தார்கள். போன வருஷம் முதல் வீட்டு வாசலில் நின்றுபோன ஊர்வலத்தை அதே வாசலிலிருந்து தொடர்ந்தார்கள். கிணற்றில் மிச்சமிருந்ததை இறைத்து எல்லா மாடிகளிலும் வைத்திருந்தார்கள். இத்தோ வழக்கம்போலக் கேமராவைத் தோளில் ஏற்றினாள். ஹத்தா அவள் முன்னால் ஒரு பானையை நீட்டினாள்.

"படம் அப்புறம் எடுக்கலாம். மாடிக்குப் போ. எங்க வீட்டுத் தண்ணிய ஊத்த ஆளில்ல."

இத்தோ கேமராவைப் பஸ்ஸுவிடம் கொடுத்துவிட்டு மாடி ஏறினாள். பஸ்ஸுவுக்கு ஒலிப்பதிவு மட்டும்தான் வரும். அந்த ஊர்வலத்தின் படத்தில் இன்றைக்கும் நிறைய வானமும் ஒரு சுவரும்தான் தெரிகின்றன.

சில நாட்கள் கழித்து மழை வந்தது. அட்லாண்டிக் பக்கமிருந்து வந்த மேகம் என்று வானிலைக்காரர்கள் சொன்னார்கள். தமஸ்ரித்துப் பெண்கள் மறுத்துப் பேசவில்லை. மாப்பிள்ளைக்கும் ஒரு ஊர் இருக்கத்தானே வேண்டும்.

மழையோடு மழையாகக் காப்பகத்தின் ஜீப்பும் வந்தது. சேற்றில் இறங்கி, ஹத்தாவின் வீட்டு வாசலில் நின்றார் நௌஃபல். கையில் மறுபடியும் வெள்ளைக் கையுறை.

"வாங்க ஸி நௌஃபல், உள்ள வாங்க, நனையாதீங்க" என்றாள் ஹத்தா. "நனையறதுல உங்களுக்குப் பழக்கம் ஜாஸ்தி."

அடுப்பங்கரையில் கணப்பு எரிந்தது. இத்தோ மூலையில் சாய்ந்து உட்கார்ந்திருந்தாள். அவரைக் கண்டதும் எழுந்திருக்கப் பார்த்தாள்; உடம்பு ஒத்துழைக்கவில்லை, விட்டுவிட்டாள்.

"இப்ப என்ன?"

"நல்ல சேதி லல்லா! காப்பகத்தோட விழாவுக்கு அப்புறம்தானே மழை வந்தது? ஆண்டறிக்கையில 'மழை: சாதிக்கப்பட்டது'ன்னு தலைவரே எழுதச் சொல்லிட்டார். அதனால அகப்பைய மறுபடி பதிவு பண்ணிட்டோம். இனிமே வருஷாவருஷம் ரபாத்துல, தலைவர் கையால, பன்னீர் தெளிக்கறதுதான் முறைன்னு குழு முடிவு பண்ணியிருக்கு. அகப்பையக் குடுத்துட்டீங்கன்னா…"

இத்தோ கண்ணை மூடிக்கொண்டாள். வரவேற்பறை, நாற்காலி, தண்ணீர் எந்தப் பிரிவு என்ற கேள்வி எல்லாம் ஒரு சுற்று வந்து போயின.

"மொதல்ல சாப்புடுங்க" என்றாள் ஹத்தா. அடுப்பிலிருந்த பெரிய பானையை அகப்பையால் ஒரு கிளறு கிளறி, பார்லிக் கஞ்சியை ஒரு கிண்ணம் நிறைய ஊற்றி அவரிடம் கொடுத்தாள். நௌஃபல் கையுறையைக் கழற்றிவிட்டுக் குடித்தார். குளிருக்கு இதமாக இருந்திருக்கும். இன்னொரு கிண்ணம் கேட்டார். ஹத்தா அதே அகப்பையால் மறுபடி ஊற்றினாள். இத்தோ அந்த அகப்பையைப் பார்த்தாள், பிறகு ஹத்தாவைப் பார்த்தாள், பிறகு தன் கிண்ணத்துக்குள் பார்வையை இறக்கிக்கொண்டாள்.

ஹத்தா கையைத் துடைத்துக்கொண்டு எழுந்தாள். போன வாரச் சந்தையில் வாங்கி, இன்னும் ஒரு தடவைகூட அடுப்புக்குப் போகாத புது அகப்பை ஒன்று சுவரில் தொங்கியது. அதை எடுத்துக் கொடுத்தாள்.

நௌஃபல் கையுறை மாட்டிக்கொண்டு இரு கைகளாலும் வாங்கினார். வெளிச்சத்தில் திருப்பித் திருப்பிப் பார்த்தார். அவர் முகம் மலர்ந்தது.

"பன்னீர்க் கறையே இல்லையே! அசல் தன்மை முழுசா திரும்பி வந்திருக்கே!"

"நல்லாத் தேச்சுக் கழுவினேன்" என்றாள் ஹத்தா.

"முகம் போயிடுச்சே. பரவாயில்ல, எங்க நிபுணர்கள் அந்தப் பழைய கலைஞரோட பாணியிலயே வரைஞ்சுடுவாங்க." அவர் இத்தோவின் பக்கம் திரும்பினார். "நீங்க தப்பா நெனைக்கக் கூடாது லல்லா. அது எல்லாருக்கும் வராது."

"நெனைக்கல" என்றாள் இத்தோ.

நௌஃபல் அகப்பையைப் பிளாஸ்டிக்கில் ஒரு சுற்றுச் சுற்றி, தன் கோட்டைக் கழற்றி அதன் மேல் போர்த்தினார். வாசலில் மழை அடித்துப் பெய்துகொண்டிருந்தது. படி இறங்கப் போனவர் திடீரென்று நின்று, கவலையோடு கேட்டார்.

"இந்த மழையில இது எங்கயும் நனையலையே, லல்லா? எங்கிட்ட உண்மையச் சொல்லணும்."

"அல்லாஹ் மேல சத்தியமா சொல்றேன்" என்றாள் ஹத்தா. "அது மேல ஒரு சொட்டுகூடப் படல."

அவர் நிம்மதியாக மழையில் இறங்கி ஓடினார். ஜீப் போகும் சத்தம் அடங்கும் வரை இரண்டு பெண்களும் அசையாமல் உட்கார்ந்திருந்தார்கள். பிறகு இத்தோ தன் கிண்ணத்தை நீட்டினாள்.

"இன்னும் கொஞ்சம் ஊத்து மதினி."

ஹத்தா அகப்பையைப் பானைக்குள் விட்டாள்.